காமராஜ் அண்ணாச்சி அமுக்கிய பொத்தான்

தென்காசி கூலக்கடை பஜாரில் ‘ஜஸ்டின் மொபைல்ஸ்’ என்று போர்டு மாட்டியிருக்கும் கடையில், அந்த ஜஸ்டினுக்கு ஒரு ஸ்குரூவைக் கழற்றத் தெரியாது. கழற்றுவது, மாட்டுவது, பேட்டரி மாற்றுவது, கண்ணாடி ஒட்டுவது எல்லாம் நான்தான். நான் ரூபி, அவர் மனைவி. காலையில் வந்து ஷட்டரைத் தூக்கிவிடுவார், ஒரு சின்ன ஜெபம் சொல்லுவார், டீக்கடைக்குப் போய்விடுவார். அதோடு அவர் வேலை முடிந்தது. கடைக்கு வருகிறவர்கள் என்னைப் பார்த்ததும் என் தலைக்கு மேலாக உள்ளே எட்டிப் பார்ப்பார்கள். “அண்ணாச்சி இல்லியாம்மா?” பதினோரு வருஷமாக இந்தக் கேள்வியைக் கேட்டுக் கேட்டு, கேட்கிறவர் முகத்தைப் பார்க்காமலே பதில் சொல்லப் பழகிவிட்டேன். “இருக்காவ. நீங்க போனக் குடுங்க.”

சர்வீஸ் கடையில் உட்கார்ந்திருந்தால் மனிதர்கள்மேல் மரியாதை நிற்காது. சித்திரை வெயிலில் ஒருவர் சொட்டச் சொட்டப் போனைக் கொண்டுவந்து, “மழையில நனைஞ்சிட்டு” என்பார். எந்த மழை என்று மோந்து பார்த்தாலே தெரியும். தன் பெயரையே பாஸ்வேர்டாக வைத்துவிட்டு அதையும் மறந்துவிட்டு வந்த பெரிய அதிகாரியை எனக்குத் தெரியும். எல்லோரும் சொல்வது ஒரே பொய்தான். “நான் ஒண்ணுமே செய்யலம்மா, அதுவா இப்படி ஆயிட்டு.” எந்த மெஷினும் அதுவாக எதுவும் ஆவதில்லை. யாரோ ஒருவர் எதையோ அமுக்கியிருப்பார். அதை ஒத்துக்கொள்ள மாட்டார், அவ்வளவுதான்.

அந்த வெள்ளிக்கிழமை காலை பத்து மணிக்குச் செண்பகவல்லி அக்கா வந்து மஞ்சள் பையிலிருந்து டேப்லெட்டை எடுத்து மேஜைமேல் வைத்தபோது நான் தலையை நிமிர்த்தவே இல்லை. ஒரே மாதத்தில் இது நான்காவது தடவை.

“மறுபடியும் கேக்குது, ரூபி.”

“என்ன கேக்குது?”

“உள்ள வரச் சொல்லிக் கேக்குது. பாஸ்வேர்டு போட்டா நம்பர் கேக்குது. எல்லாத்தையும் போட்டு உள்ள போனா, கொஞ்ச நேரத்துல வெளிய தள்ளிருது.”

“கை தெரியாம எதையாவது அமுக்கியிருப்பிய.”

“நான் ஒண்ணுமே செய்யலட்டி.”

அதே வசனம். எனக்குச் சிரிப்புகூட வரவில்லை.

அக்காவைப் பற்றிச் சொல்லிவிடுகிறேன். குற்றாலத்தில் மெயின் அருவிக்கு இரண்டு நிமிட நடையில் அவர்களுக்குப் பதினாறு ரூம் உள்ள லாட்ஜ் இருக்கிறது. வீட்டுக்காரர் காமராஜ் அண்ணாச்சி முன்னால் கவுண்ட்டரில் உட்கார்ந்திருப்பார். அக்கா பின்னால் அடுக்களையில், தங்குகிறவர்களுக்குச் சமைத்துக்கொண்டிருப்பார். இது ஊருக்குத் தெரிந்த செண்பகவல்லி. ஊரைத் தாண்டி வேறொரு செண்பகவல்லி உண்டு. மூன்று சீசனாகத் தினமும் காலை ஏழு மணிக்கு டேப்லெட்டைத் தூக்கிக்கொண்டு அருவிக்குப் போய் ஒரு நிமிஷம் வீடியோ எடுத்துப் போடுவார். சேனலின் பெயர், ‘குற்றாலத்துல தண்ணி விழுதா?’ அவ்வளவுதான் விஷயம். பாட்டு கிடையாது, ஆட்டம் கிடையாது, முகத்தைக்கூடக் காட்ட மாட்டார், கீழே லாட்ஜ் நம்பர் மட்டும் இருக்கும். நாற்பத்தோராயிரம் பேர் பார்க்கிறார்கள்.

தண்ணீருக்கு அவரே ஒரு அளவு வைத்திருந்தார். நூல், கயிறு, வேட்டி, வெள்ளம். நூல் என்றால் பாறை நனைந்திருக்கிறது, வந்தால் முகம் கழுவலாம். கயிறு என்றால் வரிசையில் நின்று குளிக்கலாம். வேட்டி என்றால் குடும்பத்தோடு வண்டி ஏறலாம். வெள்ளம் என்றால் போலீஸ் தடுப்பைப் போட்டுவிட்டார்கள், வராதீர்கள். சாத்தூரிலும் அருப்புக்கோட்டையிலும் வேன் ஓட்டுகிறவர்கள் “இன்னைக்கு அக்கா என்ன சொல்லுச்சு, கயிறா வேட்டியா?” என்று கேட்டுக்கொண்டுதான் வண்டியை எடுப்பார்களாம். காலண்டரில் போட்ட ராசிபலனை நம்புவதைவிட இது எவ்வளவோ தேவலை என்று நானே நினைத்திருக்கிறேன்.

இந்தச் சேனலுக்குக் கணக்கைத் தொடங்கிக் கொடுத்ததும் நான்தான். அதனால்தான் எது கெட்டாலும் என் தலையில் வந்து விடியும். முதல் தடவை சாப்ட்வேர் அப்டேட் போட்டேன். இரண்டாம் தடவை கணக்கை நீக்கிவிட்டுத் திரும்பச் சேர்த்தேன். மூன்றாம் தடவை மொத்தத்தையும் துடைத்து, பெட்டியிலிருந்து எடுத்த புதுசு மாதிரி ஆக்கி, முதலிலிருந்து போட்டுக் கொடுத்தேன். ஒவ்வொரு தடவையும் அண்ணாச்சியின் போனுக்கு ஆறு இலக்க எண் ஒன்று போகும். நான் கூப்பிட்டுக் கேட்பேன். மனிதர் எரிச்சல்படாமல் கண்ணாடியைத் தேடி எடுத்து, ஒவ்வொரு எண்ணாகப் படித்துச் சொல்லிவிட்டு, “வேற எதுவும் வேணுமா தாயி?” என்பார். இவ்வளவு பொறுமையான புருஷனை இந்த அக்கா இப்படிப் பாடாய்ப் படுத்துகிறதே என்று நினைத்துக்கொள்வேன். ஒருதடவை சொல்லவும் சொன்னேன். “யாவார நேரத்துல அண்ணாச்சிய ஏங்க்கா தொந்தரவு பண்ணுதிய? ஒரு பொருள வாங்குனா அத வச்சுக்கத் தெரியணும்லா.” அக்கா டேப்லெட்டைத் துணியால் துடைத்துப் பைக்குள் வைத்துக்கொண்டு போனார்.

அன்றைக்கு அப்படிப் போகிற மாதிரி இல்லை.

“ரூபி, இதப் பாரு” என்று என் கடைப் போனிலேயே சேனலைத் திறக்கச் சொன்னார். யார் வேண்டுமானாலும் பார்க்கலாம், பதில் போடத்தான் உள்ளே நுழைய வேண்டும். நேற்று முன்தினம் போட்ட கடைசி வீடியோவின் கீழே வள்ளித்தாய் என்று ஒரு பெண் எழுதியிருந்தாள். முதுகுளத்தூர்ப் பக்கம். மிளகாய்க் காட்டு வேலைக்குப் போகிற பெண்கள், பிள்ளைகளோடு ஐம்பது பேர். ‘அக்கா, வருசத்துல ஒருநா எங்களுக்கு லீவு. இன்னைக்கு மூணு மணிக்கு வேன் எடுக்கோம். ரெண்டு நாளா ஒங்க வீடியோ வரல. தண்ணி இருக்கா? நீங்க சொன்னாத்தான் ஏறுவோம்.’

“தண்ணி இருக்கா?” என்று கேட்டேன்.

“நூலுதான். அதுவும் அந்து அந்து விழுது. ஆடி பொறந்தும் சாரல் இல்லயே.”

“இதுக்கா இவ்வளவு? நான் எழுதுதேன், வராதீங்கன்னு.”

“ஒன்ன யாருட்டி நம்புவா? கீழ படி.”

படித்தேன். ஆளுக்கொரு பெயரில் அவிழ்த்து விட்டிருந்தார்கள். ‘செம தண்ணீர், உடனே வரவும்.’ ‘அருவி அடிச்சுக் கொட்டுது, ரூமுக்குக் கூப்பிடவும்.’ எல்லாம் லாட்ஜ்காரர்கள். வெயிலில் காய்ந்து கிடக்கிற பாறையைப் பார்த்துக்கொண்டே இப்படி எழுத என்ன மாதிரி விரல் வேண்டும் என்று தெரியவில்லை.

“போன வருசம் ஒரு புள்ளைத்தாச்சி வந்திருந்தா” என்றார் அக்கா. “எட்டு மணி நேரம் பஸ்ஸுல. தண்ணி கெடக்குன்னு போன்ல சொன்னது எங்க வீட்டு அவுக. அடுக்களைக்கு வந்து ‘தண்ணி எங்கக்கா?’ன்னு அவ நின்ன மொகத்தப் பாத்தது நான். இந்த ஐம்பது மொகத்தையும் நாளைக்குக் காலைல நான்தான் பாக்கணும். மூணு மணிக்குள்ள எனக்கு இத சரிபண்ணித் தா.”

சரி என்று உட்கார்ந்தேன். பாஸ்வேர்டு போட்டேன். அண்ணாச்சியைக் கூப்பிட்டேன். வழக்கம்போல ஆறு எண்ணையும் அழகாகப் படித்துச் சொன்னார். “வேற எதுவும் வேணுமா தாயி?” உள்ளே போய்விட்டேன். சேனல் திறந்தது. டேப்லெட்டை அக்கா பக்கம் திருப்பி, “இந்தாங்க, பதில் எழுதுங்க” என்றேன். அக்காவுக்கு டைப் அடிக்க நேரமாகும். ‘வள்ளித்தாய்க்கு வணக்’ என்பது வரைக்கும் அடித்திருப்பார். திரை வெளுத்தது. உள்நுழையவும் என்று மறுபடியும் வந்து நின்றது.

என் கண் எதிரிலேயே நடந்தது. அக்காவின் விரல் எழுத்தைத் தவிர வேறெதையும் தொடவில்லை. மறுபடி பாஸ்வேர்டைப் போட்டதும், இதுவரை நான் பார்க்காத ஒரு அறிவிப்பு வந்தது. ‘இந்த உள்நுழைவு உங்களுடையது அல்ல என்று தெரிவித்துள்ளீர்கள். மீண்டும் ஒருமுறை தெரிவித்தால், சோதனைக்காகக் கணக்கு முடக்கப்படும்.’

முடக்கினால் எத்தனை நாளில் திறப்பார்கள் என்று யாருக்கும் தெரியாது. திறக்காமலே போன கணக்குகளை நான் பார்த்திருக்கிறேன். மூன்று சீசன் வீடியோவும் நாற்பத்தோராயிரம் பேரும் ஒரே அமுக்கில் போய்விடும்.

“உங்களுடையது அல்லன்னு யாரு சொன்னா?” என்றார் அக்கா.

யார் சொல்ல முடியும்? இந்தக் கணக்கு இருப்பது இரண்டே இடத்தில். ஒன்று இந்த டேப்லெட். இன்னொன்று அண்ணாச்சியின் போன். அதில் போட்டதும் நான்தான். என் கடையில் ஒரு வழக்கம் உண்டு. பெண்கள் எதைக் கொண்டுவந்தாலும் முதல் கேள்வி, “அண்ணாச்சி நம்பர் சொல்லுங்க.” கணக்குக்கு வீட்டுக்காரர் நம்பரைக் கொடுத்து, வீட்டுக்காரர் போனிலும் அதே கணக்கைச் சேர்த்துவிடுவேன். பெண்கள் பாஸ்வேர்டை மறப்பார்கள், நாளைக்கு வந்து என் உயிரை எடுப்பார்கள் என்பது என் கணிப்பு. அப்படிச் சேர்த்துவிட்டால், டேப்லெட்டில் யாராவது புதிதாக உள்ளே வரும்போது வீட்டுக்காரர் போனில் ஒரு கேள்வி வரும். ‘புதிய உள்நுழைவு. இது நீங்களா?’ கீழே இரண்டு பொத்தான். ‘ஆம், நான்தான்.’ ‘இல்லை, நான் இல்லை.’

எனக்குப் புரிந்துவிட்டது. அல்லது புரிந்துவிட்டதாக நினைத்துத் தலையில் அடித்துக்கொண்டேன்.

“அக்கா, ஒங்க வீட்டுக்காரரு திருடன் வாரான்னு பயந்து ஒங்கள வெளிய தள்ளுதாரு. ‘நீங்களா?’ன்னு கேட்டா, நான் இல்லன்னு நேர்மையா அமுக்கிருதாரு. எண்ணைப் படிச்சுச் சொன்னதும் தான்தான்னு யோசிக்க வேண்டாமா? என்ன மூளையோ!”

அக்கா சிரிக்கவில்லை. அண்ணாச்சிக்குப் போன் போட்டேன், பேசிக்கொண்டிருப்பதாக வந்தது. திரும்பப் போட்டேன், அதேதான். மணி பன்னிரண்டு ஆகப்போகிறது. ஷட்டரை இறக்கி, அக்காவை ஸ்கூட்டியின் பின்னால் ஏற்றிக்கொண்டு குற்றாலத்துக்குக் கிளம்பினேன். அந்த ஆளைப் பக்கத்தில் உட்காரவைத்து, எழுத்துக்கூட்டிப் படிக்கவைத்து, சரியான பொத்தானை அமுக்கவைத்துவிட்டு வந்துவிடலாம் என்று நினைத்தேன்.

மேலகரம் தாண்டும்போது அக்கா பின்னாலிருந்து சொன்னார். “ஒரு மாசமா அவுக என்மேல ரொம்பப் பாசமா இருக்காவ, ரூபி. ராத்திரி சாப்பிட்ட தட்ட அவுகளே கழுவுதாவ. அப்பவே நான் யோசிச்சிருக்கணும்.”

குற்றாலத்தில் வெயில் கொளுத்தியது. மங்குஸ்தான் விற்கிறவர்கள் பழக்கூடையின் மேல் ஈரச்சாக்கைப் போட்டுவிட்டு நிழலில் உட்கார்ந்திருந்தார்கள். எண்ணெய் தேய்த்துவிடுகிற ஆட்கள், தேய்க்க உடம்பு கிடைக்காமல் ஒருவர் முதுகில் ஒருவர் சாய்ந்து கிடந்தார்கள். மெயின் அருவியில் பாறைதான் தெரிந்தது. அதன் நடுவே ஒரு ஓரமாக ஈரம் கோடு போட்டிருந்தது. குளிப்பதற்கு வந்த நாலைந்து பேர் அதைப் போட்டோ எடுத்துக்கொண்டிருந்தார்கள்.

லாட்ஜுக்குள் நுழையும்போது காமராஜ் அண்ணாச்சி லேண்ட்லைனில் பேசிக்கொண்டிருந்தார். நெற்றி நிறைய விபூதி. சலவைச் சட்டை. செல்போன் எதிரில் மேஜைமேல் இருந்தது.

“தண்ணியா? என்ன தாயி இப்படிக் கேட்டுட்டிய? வேட்டி கணக்கா விழுது! நான் இங்கன இருந்தே பாத்துக்கிட்டுத்தான் பேசுதேன். சத்தம் கேக்குதா?” என்று ரிசீவரைத் தலைக்கு மேல் ஓடுகிற மின்விசிறியின் பக்கம் தூக்கிப் பிடித்தார். “பேரு என்ன சொன்னிய? வள்ளித்தாயா? ஐம்பது பேரா? தாராளமா வாங்க. அக்காக்கு உடம்பு சொகமில்ல, அதான் வீடியோ போடல.”

பொய் சொல்வதற்குக்கூட அந்த மனிதர் பெண்டாட்டியின் வேட்டியைத்தான் கடன் வாங்கியிருந்தார். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. அக்கா என் பின்னால் நின்றார். அவர் முகத்தை நான் திரும்பிப் பார்க்கவில்லை.

ரிசீவரை வைத்தபிறகுதான் அண்ணாச்சி எங்களைப் பார்த்தார். கொஞ்சம்கூட அசரவில்லை. “வா ரூபி, வா வா. இவ்வளவு தூரம் வந்திருக்க! செண்பகம், புள்ளைக்குக் காப்பி போடு.”

“காப்பி வேண்டாம் அண்ணாச்சி. ஒரு நம்பர் வரும், சொல்லுங்க” என்றேன்.

டேப்லெட்டில் பாஸ்வேர்டைப் போட்டேன். அவர் போனுக்கு எண் வந்தது. கண்ணாடியை மாட்டிக்கொண்டு ஒவ்வொன்றாகப் படித்துச் சொன்னார். நான் போட்டேன். உள்ளே போனோம். “வேற எதுவும் வேணுமா தாயி?” என்று கேட்டுக்கொண்டே போனை மடிப்பக்கம் இழுத்துக்கொண்டார்.

அடுத்த நொடி போன் அவர் கையில் அதிர்ந்தது. அவர் கண் என்மேல்தான் இருந்தது, சிரித்துக்கொண்டும் இருந்தார். கட்டைவிரல் மட்டும் தானாகத் திரையின் கீழ்ப்பக்கம் வலது மூலைக்குப் போனது. தினமும் வீட்டுக் கதவுக்குத் தாழ்போடுகிற விரல் அப்படித்தான் போகும். பார்க்க வேண்டிய அவசியமே இல்லை.

நான் வாயைத் திறப்பதற்குள் அக்கா கவுண்ட்டரின் மேலே எட்டிப் போனைப் பிடுங்கிவிட்டார்.

“ஏட்டி! என்னதுட்டி இது?” அண்ணாச்சி எழுந்துவிட்டார். “யாரோ திருடன் உள்ள வாரான்னு வருது. அதுல கேக்குது, இது நீங்களான்னு. நான் இல்லங்கதுதானே உண்மை? ரூபி, நீயே சொல்லு தாயி. நான் என்னைக்காவது பொய் சொல்லியிருக்கனா?”

இரண்டு நிமிஷத்துக்கு முன்னால் மின்விசிறியை அருவியாக்கிய வாய்.

அக்கா போனைக் கண்ணுக்குக் கிட்டத்தில் வைத்து, திரையில் இருந்ததைச் சத்தமாகப் படித்தார். “‘செண்பகவல்லி டேப் என்ற சாதனத்தில் புதிய உள்நுழைவு. இது நீங்களா?’” நிமிர்ந்து அவரைப் பார்த்தார். “எம் பேரு போட்டிருக்கு. ஒங்களுக்குத் தமிழ் படிக்கத் தெரியும்லா?”

டேப்லெட்டுக்கு அந்தப் பெயரை வைத்தது நான். அதில் நான் செய்த வேலைகளில் உருப்படியானது அது ஒன்றுதான்.

அண்ணாச்சி முகத்தில் அசடு வழிந்தது. உட்கார்ந்தார். கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். “நான் என்ன செய்ய? அத்தன லாட்ஜ்காரனும் என்னைத்தான் கேக்கான். ‘ஒரு பொம்பளைய அடக்க முடியல, நீ எதுக்குலே மீச வச்சிருக்க?’ங்கான். நீ நூலுன்னு ஒரு வார்த்த சொன்னா அன்னைக்குப் பஜாரே காலி. நமக்கும் யாவாரம் வேண்டாமா?”

“போடாதன்னு என்கிட்ட சொல்ல வேண்டியதுதான?”

“சொன்னா நீ கேப்பியா?”

“கேக்க மாட்டேன்.”

“பெறவு?”

இதுதான் அந்த ஆண்பிள்ளையின் நியாயம். முகத்துக்கு நேரே ஒரு வார்த்தை சொல்லப் பயம். தட்டைக் கழுவிக் கொடுத்துவிட்டு, போர்வைக்குள் படுத்துக்கொண்டு கட்டைவிரலால் பெண்டாட்டியின் வாயைப் பொத்தியிருக்கிறார். என் கடைக்கு வருகிற பொய்யர்கள் எல்லோரையும் அந்த நிமிஷம் மன்னித்துவிடலாம் போலிருந்தது. அவர்கள் கக்கூஸில் போட்ட போனை மழையில் நனைந்தது என்றுதான் சொன்னார்கள்.

“சரிட்டி, ஆமான்னே அமுக்கு” என்று அண்ணாச்சி இறங்கி வந்தார். “இந்த ஒருநா மட்டும் கயிறுன்னு போட்டுரு. நூலுக்கும் கயிறுக்கும் என்ன பெரிய வித்தியாசம்? யாரு வந்து அளக்கப் போறா?”

அக்கா அவரைப் பார்த்தார். கோபமாகக்கூடப் பார்க்கவில்லை. சாப்பாட்டில் கிடக்கிற கல்லை எடுத்து ஓரமாக வைக்கிற பார்வை அது. விரலை நீட்டி, ‘ஆம், நான்தான்’ என்ற பொத்தானை அமுக்கினார். கல்யாணமாகி முப்பது வருஷத்தில் அவர் புருஷனின் போனைத் தொட்டது அதுதான் முதல் தடவை என்று பிறகு சொன்னார்.

நான் வேலையை மளமளவென்று முடித்தேன். அந்தக் கணக்கை அண்ணாச்சியின் போனிலிருந்து எடுத்துப்போட்டேன். அவர் நம்பரை நீக்கினேன். அந்த இடத்தில் வேறொரு நம்பர் கேட்டது. “இப்போதைக்கு என் நம்பரப் போடுதேன்க்கா” என்றேன்.

“ஒன் நம்பர் எதுக்கு?” அக்கா இடுப்பில் செருகியிருந்த சின்னச் சுருக்குப்பையிலிருந்து பொத்தான் வைத்த பழைய போன் ஒன்றை எடுத்துக் கவுண்ட்டரில் வைத்தார். “இதுக்கு வருமா, அந்த நம்பரு?”

“வருமே. மெசேஜ்தானே. இது யார் போன்?”

“என் போன்தான். பால்காரருக்கு, கேஸுக்காரருக்கு, காய்கறிக்காரிக்கு. எட்டு வருசமா வச்சிருக்கேன், எம் பேருலதான் சிம்மு.”

“அப்போ கணக்குத் தொடங்கும்போதே ஏங்க்கா சொல்லல?”

“நீ எங்கட்டி கேட்ட? ‘அண்ணாச்சி நம்பர் சொல்லுங்க’ன்னுதான கேட்ட. சொன்னேன்.”

அதில் குத்தலே இல்லை. கேட்டதற்குப் பதில், அவ்வளவுதான். மூன்று வருஷத்துக்கு முன்னால் அந்தக் கேள்வியைக் கேட்டபோது இந்தச் சுருக்குப்பை அக்காவின் இடுப்பில் இருந்திருக்கும். நான் பார்க்கவில்லை. அவர் தலைக்கு மேலாக எட்டி, பின்னால் ஒரு ஆம்பளையைத் தேடியிருக்கிறேன்.

மணி ஒன்று இருபது. அக்கா டேப்லெட்டோடு அருவிக்கு நடந்தார், நானும் போனேன். பாறைக்கு எதிரில் நின்று வழக்கம்போல முகத்தைக் காட்டாமல் பேசினார். “வணக்கம். இன்னைக்கு வெள்ளிக்கெழம. நூலு. நல்லாப் பாத்துக்கிடுங்க, நூலுதான். யாரு என்ன சொன்னாலும் கெளம்பாதீங்க. எங்க லாட்ஜுக்குப் போன் போட்டாலும் தண்ணி விழுதுன்னுதான் சொல்லுவாங்க, அதையும் நம்பாதீங்க. எனக்கு உடம்பு நல்லாத்தான் இருக்கு. முதுகுளத்தூர் வள்ளித்தாயி, சாரல் விழுந்ததும் நானே சொல்லுதேன், அன்னைக்கு வாங்க தாயி.”

அரை மணி நேரத்தில் வள்ளித்தாயின் பதில் வந்தது. ‘சரிக்கா. வேனக் கேன்சல் பண்ணியாச்சு. புள்ளைக அழுதுக, பரவால்ல. காஞ்ச பாறைக்கு முன்னால நின்னு அழுகுறதுக்கு இது மேலு.’ நாங்கள் லாட்ஜ் வாசலுக்குத் திரும்பியபோது உள்ளே லேண்ட்லைன் அடித்துக்கொண்டே இருந்தது. அண்ணாச்சி அதன் பக்கத்திலேயே உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருந்தார், எடுக்கவில்லை. அக்கா அவரைத் தாண்டி அடுக்களைக்குப் போய்ச் சோற்றுக்கு உலை வைத்தார்.

தென்காசிக்குத் திரும்பி வந்து ஷட்டரை நானே தூக்கினேன். மேலே போர்டில் ஜஸ்டின் சிரித்துக்கொண்டிருந்தார். ஆமாம், போட்டோ வேறு. உட்கார்ந்து தண்ணீர் குடித்துவிட்டு என் போனை எடுத்தேன். செட்டிங்ஸுக்குள் போய் என் கணக்கைத் திறந்தேன். பதினோரு வருஷமாக ஊராரின் கணக்குகளுக்கு நம்பர் போட்டுக் கொடுக்கிறவளின் சொந்தக் கணக்கில் என்ன எண் இருக்கிறது என்று பார்த்தேன். ஜஸ்டின் நம்பர். ஜஸ்டின் போனிலும் என் கணக்கு. கல்யாணமான புதிதில் நானே போட்டது. கேட்டதே இல்லை அவர். நானாக எடுத்துப் போய்க் கொடுத்திருக்கிறேன்.

காமராஜ் அண்ணாச்சியை நினைத்து மேலகரம் வரைக்கும் சிரித்துக்கொண்டு வந்தவள் நான். இப்போது யாரை நினைத்துச் சிரிப்பது என்று தெரியவில்லை. என்மேல் எனக்கு வந்த எரிச்சலுக்கு அளவே இல்லை. ஜஸ்டின் நம்பரை நீக்கிவிட்டு என் நம்பரைப் போட்டேன். ‘உறுதிசெய்யப்படுகிறது, காத்திருக்கவும்’ என்று வந்தது. காத்திருந்தேன்.

திரை வெளுத்தது.

அதே நேரத்தில் கடைப் போன் அடித்தது. டீக்கடையிலிருந்து ஜஸ்டின். குரலில் அவ்வளவு பெருமை.

“ஏட்டி ரூபி, பயப்படாத, பயப்படாத. எவனோ ஒன் கணக்குக்குள்ள பூந்து நம்பர மாத்தப் பாத்தான். ‘இது நீங்களா?’ன்னு என்கிட்ட கேட்டுச்சு. விட்டுருவனா? நான் இல்லன்னு அமுக்கிட்டேன். இனிமே எவனும் உள்ள வர முடியாது. ஹலோ? ரூபி?”

என் கையிலிருந்த போன் உள்நுழையவும் என்று கேட்டுக்கொண்டிருந்தது. வாசலில் ஒரு பெரியவர் வந்து நின்று, என் தலைக்கு மேலாகக் கடைக்குள் எட்டிப் பார்த்தார்.

“அண்ணாச்சி இல்லியாம்மா?”